முதல் நாளே சொல்லியிருக்கக் கூடாதா?



கதையும் கவிதையும் பேசுகிற இந்த நூலகக் கூடத்தில், இன்று வீட்டுக் கடனைப் பற்றிப் பேச அனுமதி கேட்டேன். அதற்கு ஒரு காரணம் உண்டு. நம்மில் பலர் வாழ்நாளில் கையெழுத்துப் போடுகிற மிகப் பெரிய ஆவணம் வீட்டுக் கடன் ஒப்பந்தம்தான். ஐந்நூறு பக்க நாவலை இரண்டு முறை படிக்கிற நாம், அந்த ஒப்பந்தத்தை ஒரு முறைகூடப் படிப்பதில்லை. காட்டிய இடத்தில் எல்லாம் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்துவிடுகிறோம். அந்த இடங்களைக் காட்டியவர்களில் நானும் ஒருவன். வங்கியின் கடன் பிரிவில் பல ஆண்டுகள் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன்.

ஒரு நாள் பள்ளி ஆசிரியர் ஒருவர் என் மேசைக்கு முன்னால் வந்து உட்கார்ந்தார். வீட்டுக் கடன் வாங்கி ஐந்து வருடம் முடிந்திருந்தது. ஒரு மாதம்கூடத் தவணை தவறியதில்லை. கணக்கு அறிக்கையை என் பக்கம் திருப்பி வைத்துவிட்டு, குரலைத் தாழ்த்திச் சொன்னார்: "சார், கம்ப்யூட்டர்ல ஏதோ தப்பு நடந்திருக்கு. அஞ்சு வருஷமா கட்டுறேன், கடன் அப்படியே நிக்குது."

தப்பு எதுவும் இல்லை. கணக்கு சரியாகத்தான் இருந்தது. அவருடைய கணக்கை ஒட்டி ஓர் உதாரணம் சொல்கிறேன், கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள்.

30 லட்சம் ரூபாய் கடன். ஆண்டு வட்டி எட்டரை சதவீதம். 20 வருடம். மாதத் தவணை 26,035 ரூபாய். முதல் மாதம் அந்தத் தவணையைக் கட்டுகிறீர்கள். அதில் 21,250 ரூபாய் வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 4,785 ரூபாய். இப்படியே ஐந்து வருடம் கட்டினால், உங்கள் கையைவிட்டுப் போன பணம் 15 லட்சத்து 62 ஆயிரம். கடன் எவ்வளவு குறைந்திருக்கும்? வெறும் 3 லட்சத்து 56 ஆயிரம். மீதி 12 லட்சமும் வட்டி.

இதில் மோசடி ஒன்றும் இல்லை. வட்டி என்பது அந்தந்த மாதம் பாக்கி இருக்கிற அசலுக்குப் போடப்படுவது. தொடக்கத்தில் அசல் மலைபோல் நிற்கிறது, அதனால் வட்டியும் மலைபோல் நிற்கிறது. தவணைத் தொகையோ எல்லா மாதமும் ஒன்றுதான். அதில் வட்டி முதலில் தன் பங்கை எடுத்துக்கொள்கிறது, மிச்சம் மீதிதான் அசலுக்கு. இந்தக் கணக்கில் ஏறக்குறைய 12 வருடம் வரை ஒவ்வொரு மாதமும் வட்டிதான் பெரிய பங்கு. 30 லட்சம் பாதியாகி 15 லட்சத்துக்கு வருவதற்கு, 20 வருடத்தில் கிட்டத்தட்ட 14 வருடம் ஓடிவிடும். அந்த ஆசிரியர் ஐந்தாவது வருடத்தில் பதறியது நியாயம்தானே?

நண்பர்களே, வீடு வாங்கப் போகிறவரிடம் எல்லோரும் கேட்கிற கேள்வி ஒன்றுதான். "மாசம் எவ்வளவு கட்ட முடியும்?" தரகர் கேட்கிறார், கட்டடம் கட்டுகிறவர் கேட்கிறார், வங்கியில் கேட்கிறோம், வீட்டில் மனைவியும் கேட்கிறார். "முடிக்கிற அன்றைக்கு மொத்தமாக எவ்வளவு கட்டியிருப்போம்?" என்று ஒருவரும் கேட்பதில்லை. கத்தரிக்காய் வாங்கும்போதுகூடக் கிலோ என்ன விலை என்று கேட்கிறோம். வாழ்நாளின் பெரிய பொருளை வாங்கும்போது விலையைக் கேட்க மறந்துவிடுகிறோம்.

விலையைச் சொல்கிறேன். அந்த 30 லட்சத்துக்கு 20 வருடத்தில் நீங்கள் கட்டுவது 62 லட்சத்து 48 ஆயிரம். வாங்கிய கடனைவிட வட்டி அதிகம். வீடு 40 லட்சம் என்று வையுங்கள். கையில் இருந்து போட்ட 10 லட்சம் தனி. ஏற்கெனவே கட்டி முடித்த வீட்டை வாங்கினால், தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வை 7 சதவீதமும் பதிவுக் கட்டணம் 2 சதவீதமும் ஆக, பத்திரச் செலவு மட்டும் 3 லட்சத்து 60 ஆயிரம். எல்லாம் சேர்ந்து 76 லட்சம். "நாற்பது லட்சத்துக்கு வீடு வாங்கினேன்" என்று நாம் கிரகப்பிரவேசத்தில் சொல்கிற வீட்டின் விலை அது.

"மாசத் தவணை கொஞ்சம் குறைஞ்சா நல்லா இருக்கும் சார்" என்று பலர் கேட்பார்கள். நாங்களும் காலத்தை நீட்டிக் கொடுப்போம். அதே கடனை 30 வருடமாக்கினால் தவணை 23,067 ஆகிறது. மாதம் மூவாயிரம் ரூபாய்கூட மிச்சமில்லை. ஆனால் மொத்தமாகக் கட்டுவது 83 லட்சத்தைத் தாண்டுகிறது. அந்த மூவாயிரம் நிம்மதிக்காகக் கூடுதலாகக் கொடுப்பது இருபதரை லட்சம். எதிர்த்திசையில் பாருங்கள். 15 வருடத்தில் முடிப்பதாக இருந்தால் தவணை 29,542. மாதம் மூவாயிரத்து ஐந்நூறு கூடுதல். மிச்சமாவது ஒன்பது லட்சத்துக்கு மேல். வீட்டுக் கடனில் நாம் உண்மையில் விலைக்கு வாங்குவது காலத்தை. ஒவ்வொரு கூடுதல் வருடத்துக்கும் ஒரு விலை உண்டு.

இன்னொரு செலவைச் சொல்ல வேண்டும். கடன் தரும் நாளில் ஒரு காப்பீட்டுப் பாலிசியையும் சேர்த்துப் போடுவார்கள். "பிரீமியத்தைக் கையிலிருந்து கட்ட வேண்டாம், லோனோடு சேர்த்துக்கலாம்" என்பார்கள். கேட்க நன்றாக இருக்கும். ஒரு லட்சம் ரூபாய் பிரீமியம் கடனோடு சேர்ந்தால், 20 வருடத்தில் அது 2 லட்சத்து 8 ஆயிரம் ஆகிறது. குடும்பத் தலைவருக்கு ஆயுள் காப்பீடு அவசியம், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் அதைத் தனியாக விசாரித்து, விலை ஒப்பிட்டு, வருடாவருடம் கட்டும்படி எடுத்துக்கொள்ள வழி இருக்கிறது.

கட்டி முடியாத அடுக்குமாடி வீட்டுக்குக் கடன் வாங்குகிறவர்கள் இதையும் கேளுங்கள். வீடு கைக்கு வரும்வரை நீங்கள் வெறும் வட்டி மட்டும் கட்டும்படி ஏற்பாடு செய்வார்கள். அந்த மாதங்களில் அசலில் ஒரு ரூபாய் குறையாது. பழைய வீட்டு வாடகையும் போய்க்கொண்டிருக்கும்.

இனி மாறும் வட்டிக்கு வருகிறேன். 2022 மே மாதத்துக்கும் 2023 பிப்ரவரிக்கும் இடையில் ரிசர்வ் வங்கி, வங்கிகளுக்குத் தான் தரும் கடனுக்கான ரெப்போ வட்டியை 4 சதவீதத்திலிருந்து ஆறரை சதவீதத்துக்கு உயர்த்தியது. அதற்குச் சற்று முன்பு 7 சதவீதத்தில் 30 லட்சம் வாங்கிய குடும்பத்தின் தவணை 23,259 ரூபாய். அதைத் தொடர்ந்து அவர்களுடைய வட்டியும் ஒன்பதரை ஆனபோது, அந்த 30 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி மட்டும் 23,750. முழுத் தவணையும் வட்டிக்கே போதவில்லை! அப்போது எத்தனையோ பேருக்குத் தவணைத் தொகை மாறவே இல்லை. காலம் மட்டும் நீண்டது. ஓய்வு பெறும் வயதையும் தாண்டிக் கடன் போய்க்கொண்டிருந்தது, அது வீட்டில் யாருக்கும் தெரியவில்லை.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு விதி வகுத்தது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன் வாங்கியவருக்குக் கொடுக்க வேண்டும். அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு போயிற்று, இன்னும் எத்தனை தவணை பாக்கி என்பதை மூன்று மாதத்துக்கு ஒரு முறை தெரிவிக்க வேண்டும். 2024 அக்டோபர் முதல், புதிதாகக் கடன் வாங்குகிறவருக்கு முக்கிய விவர அறிக்கை ஒன்றைக் கொடுக்க வேண்டும். கட்டணங்களையும் சேர்த்த உண்மையான ஆண்டுச் செலவு வீதமும், மாதவாரியான அட்டவணையும் அதில் இருக்கும். கடன் வாங்குகிறவருக்குப் புரிகிற மொழியில் அது இருக்க வேண்டும் என்பதும் விதி. "எனக்குத் தமிழில் கொடுங்கள்" என்று கேளுங்கள். இது உங்கள் உரிமை.

வருமான வரி மிச்சமாகிறதே என்று சிலர் கேட்பீர்கள். பழைய வரித் திட்டத்தில், குடியிருக்கும் வீட்டுக்குக் கட்டும் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு உண்டு. 20 சதவீத வரி கட்டுகிறவருக்கு அதனால் மிஞ்சுவது 41,600 ரூபாய். புதிய திட்டத்தில் அந்தக் கழிவும் கிடையாது. நாற்பதாயிரம் மிச்சம் பிடிப்பதற்காக இரண்டு லட்சம் வட்டி கட்டலாம் என்று உங்களிடம் சொன்னால் ஏற்பீர்களா?

இவ்வளவையும் கேட்டுவிட்டு, "இவர் கடனே வாங்காதே என்கிறார்" என்று எண்ணிவிடாதீர்கள். எலி வளையானாலும் தனி வளை வேண்டும் என்று வாழ்ந்தவர்கள் நாம். வாடகை வீட்டில் ஆணி அடிக்கக்கூட வீட்டுக்காரர் முகத்தைப் பார்த்த குடும்பங்களுக்குச் சொந்த வீடு தருகிற மானத்தை நான் அறிவேன். என் தகப்பனார் காலத்தில் சேர்த்து வைத்துத்தான் கட்ட முடியும். அஸ்திவாரம் ஒரு வருடம், சுவர் அடுத்த வருடம், பூச்சு எப்போதோ. அவர்களில் பலர் பூசாத சுவரையே பார்த்துவிட்டுப் போய்ச் சேர்ந்தார்கள். முப்பது வயதில் குடியேற வழி செய்தது வங்கிக் கடன். வாடகை மிஞ்சுகிறது. இருபது வருடம் கழித்து 26,000 ரூபாய் இன்றைய அளவுக்குக் கனமாகவும் இருக்காது. இதெல்லாம் உண்மை. வாங்குங்கள். விலை தெரிந்து வாங்குங்கள்.

வாங்கிய பிறகு செய்ய வேண்டியதையும் சொல்லிவிடுகிறேன். இது கடனின் இளவயதில் செய்ய வேண்டிய வைத்தியம். அதே 30 லட்சம் கடனில், முதல் வருட முடிவில் ஒரு லட்சம் ரூபாயை அசலில் கூடுதலாகக் கட்டுங்கள். கடைசியில் 18 தவணைகள் உதிர்ந்துபோகும். அதாவது 4 லட்சத்து 70 ஆயிரம் ரூபாய்! அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாவது வருட முடிவில் கட்டினால் ஆறு தவணைகூடக் குறையாது. பணம் ஒன்றுதான், கட்டுகிற காலம்தான் வேறு.

ஒரு லட்சம் இல்லையா? தீபாவளி போனஸோ, சீட்டுப் பணமோ, வருடத்துக்கு ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டி வாருங்கள். 20 வருடக் கடன் பதினாறே முக்கால் வருடத்துக்குள் முடிந்துவிடும். ஏறக்குறைய ஆறு லட்சம் மிச்சம். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு அபராதம் கிடையாது. கட்டும்போது, "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள். அந்த ஒரு வரியில்தான் மிச்சம் முழுவதும் இருக்கிறது. கூடவே, அவசரத்துக்கு ஆறு மாதச் செலவுக்கான பணத்தைத் தனியாக வைத்துக்கொள்ளுங்கள். மருத்துவமனை வாசலில் நின்று அதிக வட்டிக்குக் கைநீட்டும் நிலை வந்தால், இங்கே மிச்சம் பிடித்தது அங்கே போய்விடும்.

கடைசித் தவணை கட்டிய பிறகு, உங்கள் பத்திரங்களை 30 நாளுக்குள் திருப்பித் தர வேண்டும். 2023 டிசம்பரிலிருந்து இது நடைமுறையில் இருக்கிறது. வங்கியின் காரணத்தால் தாமதமானால், ஒவ்வொரு நாளுக்கும் 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். பத்திரத்தை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டு போனவர்களை நான் பார்த்திருக்கிறேன். மகள் கல்யாணத்துக்கு முன்னால் வாங்கியவர்கள் உண்டு. பேத்தியின் கையைப் பிடித்துக்கொண்டு வந்து வாங்கியவர்களும் உண்டு. அந்த இரண்டு நாளுக்கும் நடுவில் ஒரு மனிதன் பிடிக்காத வேலையை விட முடியாமல் இருந்த வருடங்கள் இருக்கின்றன. பிள்ளை ஆசைப்பட்ட படிப்பைத் தள்ளிப்போட்ட வருடங்கள் இருக்கின்றன. நான் சொன்ன எந்தக் கூட்டல் தொகையிலும் அவை வராது.

அந்த ஆசிரியரிடம் அன்று அட்டவணையை அச்செடுத்துக் கொடுத்து, வரி வரியாக விளக்கினேன். அரை மணி நேரம் ஆயிற்று. கோபப்படுவார் என்று நினைத்தேன். அவர் காகிதத்தை நான்காக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு எழுந்தார். கதவுவரை போய்த் திரும்பிப் பார்த்துக் கேட்டார்: "இதை முதல் நாளே சொல்லியிருக்கக் கூடாதா சார்?"

என்னிடம் பதில் இல்லை. சொல்ல அரை மணி நேரம் போதும் என்று அன்றுதான் எனக்கே தெரிந்தது. அந்த அரை மணி நேரத்தை எத்தனை குடும்பங்களுக்கு நான் கொடுக்காமல் விட்டேன் என்ற எண்ணம் என்னை இன்றும் விடவில்லை.

கடன் வைத்திருப்பவர்கள் நாளைக்கே வங்கிக்குப் போய் அந்த அட்டவணையை வாங்குங்கள். வாங்கப் போகிறவர்கள் கையெழுத்துக்கு முன்னால் வாங்குங்கள். இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு, கணவன் மனைவி, விவரம் தெரிந்த பிள்ளைகள் எல்லோரும் உட்கார்ந்து, கடைசி வரிவரை சேர்ந்து வாசியுங்கள்.

உங்களுக்கு முதல் நாளே சொல்லிவிட்டேன்.