ஒரு பாத்தி மகசூலை நம்பலாமா?



மேல்பட்டாம்பாக்கத்துக்குச் சமீபத்திலுள்ள பாலூரில், மணிலாக்கொட்டை விருத்திக்கென 1905-ல் அரசாங்கப் பண்ணை ஏற்பட்டது. இன்று அது காய்கறி ஆராய்ச்சி நிலையம். புது விதை பழையதை வென்றதா என்று இத்தகைய பண்ணைகள் எவ்விதம் அறிகின்றன?

பக்கத்துப் பக்கத்தில் இரண்டு பாத்தி விதைத்து நிறுத்தால் போதாது. ஒரே கொல்லையில் ஒரு மூலை மணலாயிருக்கும். மறு மூலையில் ஆட்டுக்கிடை கட்டியிருப்பார்கள். வரப்போரச் செடி இடமும் வெளிச்சமும் மிகுதியாகப் பெற்றுக் கொழுக்கும். அக்கொழுமை விதையோடு வராது. அதையே பொறுக்கி விதைக்கு வைப்போர் உண்டு. பாவம், அவர்கள் சேமிப்பது நிலத்தின் அதிர்ஷ்டத்தை!

இங்கிலாந்தில் ராதம்ஸ்டெட் பண்ணையில் 1919-ல் சேர்ந்த ஆர். ஏ. பிஷர் என்னும் கணித நிபுணர் வழி கண்டார். கொல்லையைப் பல பகுதிகளாக்கி, ஒவ்வொன்றிலும் எல்லா விதைகளையும் இடவேண்டும். எந்தப் பாத்திக்கு எது என்பதைத் திருவுளச்சீட்டே தீர்மானிக்கும். ஒரே விதை பாத்திக்குப் பாத்தி எவ்வளவு மாறுகிறதென்று அப்போது தெரியும். இரு விதைகளின் சராசரி வித்தியாசம், அம்மாறுதலால் தற்செயலாக நேரக்கூடியதை மிஞ்சினாலன்றிப் புது விதைக்கு வெற்றியில்லை. பாத்திகள் நான்கு மடங்கானால் சந்தேகம் பாதியாகும்.

விதை தவறினால் போகம் போகும். சங்கக் கடன் நிற்கும். ஆகவே விற்பவரை, "எத்தனை பாத்தி, எத்தனை பருவம்?" என்று கேளுங்கள். நீங்களே சோதித்தால், வரப்போர வரிசைகளை நீக்கி, உள்வரிசைக் காயை மட்டும் உலர்த்தி நிறுங்கள்.