கட்டாயக் காட்சியும் மக்கள் நம்பிக்கையும்

திரைப்படத்தைப் பிரசாரக் கருவியாகக் கையாளும் அரசு பார்வையாளரைச் சட்டத்தால் திரட்டிவிடலாம். அவர்களது நம்பிக்கையை அவ்வாறு பெற இயலாது. இந்திய அனுபவத்தை ஆராயும் மாணவர்கள் இவ்வேறுபாட்டிலிருந்து தொடங்குவது நலம்.

1943-இல், போர்க்காலப் பாதுகாப்பு விதிகளின்கீழ், ஒவ்வொரு காட்சியிலும் அரசு ஏற்ற படங்களை 2,000 அடி அளவுக்குத் திரையிட வேண்டுமென ஆங்கிலேய அரசு ஆணையிட்டது. ஏறத்தாழ 22 நிமிட நேரம். தேசியத் தலைவர்கள் சிறையிலிருந்த அந்நாளில், அவர்களைச் சிறையிட்ட அரசின் போர்ச் செய்திகளை மக்கள் ஐயத்துடன் நோக்கியதில் வியப்பில்லை.

விந்தை என்னவெனில், 1948-இல் தோன்றிய திரைப்படப் பிரிவும், அதாவது பிலிம்ஸ் டிவிஷனும், அதே கட்டாய முறையைச் சார்ந்தே வளர்ந்தது. கொட்டகை உரிமையாளர் செய்திப்படத்தைக் காட்டவும் வேண்டும். அதற்கு வாடகையும் செலுத்த வேண்டும். நுகர்வோர் விரும்பினும் வெறுப்பினும் வருவாய் குன்றாத உற்பத்தியாளருக்குத் தரத்தை உயர்த்தும் தூண்டுதல் எங்கிருந்து வரும்? அணைக்கட்டுத் திறப்பு விழா திரையில் ஓடி முடியும்வரை வெளியே நின்று புகைபிடித்தவர்கள் தம் தீர்ப்பை அவ்வாறு வழங்கினர். விலக்குகளும் உண்டு. சுதந்திர நாளில் பிறந்த இளைஞர்களின் ஐயங்களையும் மறைக்காமல் காட்டிய எஸ்.என்.எஸ். சாஸ்திரியின் ‘ஐ ஆம் 20’ (1967) இன்றும் பேசப்படுகிறது.

நெருக்கடி நிலைக் காலம் கடுமையான பாடத்தைத் தந்தது. 1975 ஜூனில் பத்திரிகைத் தணிக்கை வந்தது. 1976-இல் நான்கு செய்தி நிறுவனங்கள் ‘சமாச்சார்’ என ஒன்றாக்கப்பட்டன. குடும்ப நலத்துக்கெனச் சிவப்பு முக்கோணச் சின்னத்துடன் பல ஆண்டுகள் பொறுமையாக நடந்துவந்த பிரசாரம், இலக்கை எட்டும் வேகத்தில் வற்புறுத்தலுக்குத் துணைபோயிற்று. 1976-77-இல் 80 லட்சத்துக்கு மேற்பட்ட கருத்தடை அறுவைகள் நடந்தன. கிராமங்களின் குமுறல் ஏடுகளிலும் வானொலியிலும் இடம்பெறவில்லை. ஆகவே தலைநகர் அலுவலகங்களுக்கும் அது உரியவாறு எட்டவில்லை. தணிக்கை முதலில் குருடாக்குவது தணிக்கை செய்பவரையே. 1977 மார்ச் தேர்தலில் ஆளுங்கட்சி தோற்றது. அடுத்த ஆண்டில் அறுவைகளின் எண்ணிக்கை 10 லட்சத்துக்கும் கீழே வீழ்ந்தது. தாமாக முன்வந்திருக்கக் கூடியவர்களும் ஒதுங்கிக்கொண்டனர் என்பதே அதிகாரிகள் கருத வேண்டிய இழப்பு.

கட்டாயத் திரையிடலை உச்ச நீதிமன்றம் 1999-இல் செல்லுமென ஏற்றது. எனினும், மக்களுக்கு அறிவூட்டும் படங்களுக்கே அது பொருந்தும். ஒருசார்பான, திரிக்கப்பட்ட செய்தியைக் காட்டுமாறு கட்டாயப்படுத்துவது பேச்சுரிமைக்கு ஊறு செய்யக்கூடும் என்ற எச்சரிக்கையும் அத்தீர்ப்பில் அடங்கியுள்ளது.