எட்டைக் கொண்டு நூறைக் கண்டுபிடிப்போம்



சம்பளத் துண்டில் ஊழியர் சேமலாப நிதிக்கு நம்மிடம் பிடித்த தொகையைப் பாருங்கள். அது 8 சதவீதம். எவ்வளவு சம்பளத்துக்கு என்பதை நாமே கண்டுபிடிக்கலாம்.

பிடித்தது 1,944 ரூபாய் என்று வைப்போம். 8 ஆல் பிரித்தால் 243. அது ஒரு சதவீதம். அதை 100 ஆல் பெருக்கினால் 24,300; அதுதான் முழுச் சம்பளம். நாள் சம்பளம் 1,350 என்றால் அது 18 பேர். நாம் 20 பேர் வேலை செய்திருந்தால், இரண்டு பேருக்குச் சேமலாபம் விழவில்லை. அந்த 2,700 ரூபாய்க்குத் தோட்டம் போட வேண்டிய 12 சதவீதம், அதாவது 324 ரூபாயும், நமக்கு இல்லை.

வேலை செய்த நாளை அன்றன்றே கொப்பியில் குறிப்போம். பிள்ளைகளோடு உட்கார்ந்து கணக்கைப் போட்டுப் பார்ப்போம். வித்தியாசம் வந்தால் துண்டையும் கொப்பியையும் தலைவரிடம் கொண்டுவாருங்கள். சேர்ந்தே போய்க் கேட்போம்.