சீருடையைக் கழற்றினால்

(நூற்றாண்டு விழாத் திரைப்பட மாலையில் ஆற்றப்பட்ட உரை)



இன்று நாம் பார்த்துச் சிரித்த இரு மௌனப் படங்களையும் இயக்கியவர் எர்ன்ஸ்ட் லூபிச். 1892 இல் பேர்லினில், ஒரு யூதத் தையற்காரரின் மகனாகப் பிறந்தவர். பட்டாடையும் பதக்கம் குத்திய சீருடையும் வெறுந்துணியாக இருந்த நிலையைப் பார்த்து வளர்ந்த பிள்ளை அவர்.

1919 இல் வந்த 'சிப்பி இளவரசி'யில், பணக்கார அமெரிக்கரின் மகள் ஓர் இளவரசரையே மணப்பேன் என்று அடம்பிடிக்கிறாள். கலியாணத் தரகர் தேடிப்போன இளவரசரோ கையில் காசில்லாதவர். தரகருக்காக அவசர அவசரமாக ஒரு சிம்மாசனம் தயாராகிறது! பட்டம் ஒரு பக்கம், பசி மறுபக்கம்.

1921 இல் வந்த 'மலைப் பூனை' படைத்தரப்பைக் கேலி செய்கிறது. கோட்டைக்கு வரும் லெப்டினன்ட், கொள்ளைக்கூட்டத் தலைவனின் மகளிடம் சீருடையைப் பறிகொடுக்கிறார். அந்த முரட்டுப் பெண்ணாக நடித்தவர் போலா நெக்ரி. அவர்களைப் பிடிக்கப் போன படை அடிவாங்கித் திரும்புகிறது. ஆனால் கோட்டையில் நடப்பது வெற்றி விழா!

இந்தப் படம் அன்று ஓடவில்லை. போர் முடிந்து மூன்று ஆண்டுகூட ஆகவில்லை. ஜேர்மனி ஏறத்தாழ இருபது இலட்சம் வீரரை இழந்திருந்தது. போரைக் கேலி செய்யும் படத்தை ஏற்கும் மனநிலையில் மக்கள் இருக்கவில்லை என்று லூபிச்சே பின்னர் சொன்னார். அவர்களை நான் குறைசொல்ல மாட்டேன். மகனைப் பறிகொடுத்த வீட்டில் சிரிப்பு உடனே வராது. ஆனால் லூபிச் சிரித்தது இறந்தவர்களைப் பார்த்தல்ல. தோல்விக்கு மேளமடித்தவர்களைப் பார்த்து.

பன்னிரண்டு ஆண்டுகளில் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். மீண்டும் சீருடைகள், மீண்டும் மேளம். அதற்கு முன்பே ஹொலிவூட் சென்றுவிட்ட லூபிச்சின் குடியுரிமையை அந்த ஆட்சி 1935 இல் பறித்தது. அவரோ 1942 இல் நாசிகளையே கேலி செய்து படமெடுத்தார். அதிலும் ஒரு நாடகக் குழு அவர்களின் சீருடையை அணிந்தே அவர்களை ஏமாற்றுகிறது.

தோழிகளே, இந்த மேடையில் அரசரும் நாங்களே, சேனாதிபதியும் நாங்களே. ஒட்டுமீசை விழுந்தால் சபை சிரிக்கும். நாமும் சிரித்துவிட்டு நடிப்பைத் தொடர்வோம். முடியும் வாளும் கடதாசி என்பதை அன்றே அறிந்தவர்கள் நாம். வெளியே எந்தப் பெரிய பதவிக்கு முன் நின்றாலும், நாமே அப்பதவியில் அமர்ந்தாலும், அதை மறவாதிருப்போம்.