அழுதது நாம், கதை யாருடையது?



இந்தோனேசியத் தொடர்கள் நம் தோட்டத்து மக்களைக் கெடுத்துவிட்டன என்று எனக்கு முன்பு பேசிய நண்பர் வருத்தப்பட்டார். நான் கொஞ்சம் மாற்றிச் சொல்கிறேன்.

2000களின் நடுப்பகுதியில், பள்ளி விடுமுறைக்குக் கோலசிலாங்கூர், புக்கிட் ரோத்தான் பக்கத்தில் பாட்டி இருந்த தோட்டத்துக்குப் போவேன். டிவி3-இல் 'பாவாங் மேரா பாவாங் பூத்தே' தொடர் வந்துவிட்டால் பாட்டி அடுப்பை அணைத்துவிடுவார். வெங்காயம், பூண்டு என்று பெயர் கொண்ட இரு பெண்களின் கதை. பாட்டிக்கு மலாய் அரைகுறைதான். அடுத்த வீட்டு இந்தோனேசிய அக்கா வந்து உட்கார்ந்து விளக்குவார். தமிழ்ப்படம் ஓடினால் பாட்டி அவருக்கு விளக்குவார். இருவரும் சேர்ந்தே அழுவார்கள்.

அந்தத் தொடரைத் தயாரித்தது யார் தெரியுமா? தாமு பஞ்சாபி, மனோஜ் பஞ்சாபி ஆகியோரின் எம்.டி. நிறுவனம். அவர்கள் சிந்தி வம்சாவளிக் குடும்பத்தினர். இந்தோனேசியாவில் இந்தியர்கள் மிகச் சிறிய கூட்டம். ஆனாலும் அந்த நாட்டு மொழியில் கதை சொல்லி, எல்லைக்கு இப்பாலுள்ள நம் வீட்டுக்குள்ளும் வந்துவிட்டார்கள். 2022-இல் அவர்கள் குழுமத்தின் 'காகாஎன் டி டேசா பெனாரி' என்ற பேய்ப்படத்தைத் திரையரங்குகளில் 90 லட்சத்துக்கும் அதிகமானோர் பார்த்தார்கள்.

இங்கே 2008-இல், வானொலிகளில் இந்தோனேசியப் பாடல்களைப் பத்து விழுக்காட்டுக்குள் நிறுத்த வேண்டும் என்று 'கார்யாவான்' கலைஞர் அமைப்பு கேட்டது. உள்ளூர்க் கலைஞர்களின் வயிற்றுப்பாடு எனக்கும் புரிகிறது. ஆனால், அடுத்தவர் பாட்டை நிறுத்துவதால் நம் பாட்டு பிறந்துவிடாது.

நான் பார்த்த தொடர்களில் பெரும்பாலும் பங்களா வீடுகள்தாம். பால்மரம் சீவிய பாட்டியும் அதில் இல்லை, செம்பனைக் குலை வெட்டிய அக்காவின் கணவரும் இல்லை. அந்தக் குறையை அவர்கள் வந்து தீர்க்க மாட்டார்கள்.

நம்மால் முடியும் என்பதற்குச் சான்று இருக்கிறது. சஞ்சய் குமார் பெருமாளின் 'ஜகாட்' 2015-இல் வந்தது. தோட்டத்தை விட்டு வெளியேறிய குடும்பங்களின் கதை. மறு ஆண்டே மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியப் படமாகத் தேர்வானது.

பாட்டியின் லயம் இன்று இல்லை. பெஸ்தாரி ஜெயாவிலும் ஈஜோக்கிலும் தோட்ட வாழ்க்கையைச் சொல்லக்கூடிய பெரியவர்கள் இன்னும் இருக்கிறார்கள். இளைஞர்களே, அவர்கள் பேசுவதைக் கைப்பேசியிலாவது பதிவு செய்து வையுங்கள். மொழி புரியாமல் ஒரே திண்ணையில் அழுத அந்த இரண்டு பெண்களின் தொடரை நாம் எடுக்காவிட்டால் வேறு யாரும் எடுக்கப் போவதில்லை.