வரிச் சலுகையும் மீன்கார அக்காவும்
(முன்னாள் மாணவர் சங்கக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



“இஞ்சினியருக்கு பட்ஜெட்டில் என்ன வேலை?” என்று கேட்பீர்கள். மாசச் சம்பளம் வாங்குகிற எவனுக்கும் அதில் வேலை உண்டு!

2025 பிப்ரவரி 1 அன்று நிதியமைச்சர் நிர்மலா சீதாராமன், புதிய முறையில் 12 லட்சம் வரை வருமான வரி இல்லை என்று அறிவித்தார். அந்த வரம்பில் இருந்த எனக்கு வருஷத்துக்கு 80,000 ரூபாய் மிச்சம். மறுநாள் ஞாயிறு. நேராகப் பெரிய மார்க்கெட் போய் வஞ்சிரம் கேட்டேன். சங்கரா வாங்குகிறவன் வஞ்சிரம் கேட்டால் சும்மா விடுவார்களா?

“இன்னா தம்பி, சம்பளம் ஏறிடுச்சா?”

“இல்லக்கா, வரி கொறஞ்சிடுச்சு.”

“அப்படியா! எனக்கு எம்மாம் கொறைச்சாங்க?”

பதில் சொல்லத் தெரியாமல் பையை நீட்டினேன்.

அவர் வருமான வரி கட்டுவதில்லை. ஆனால் அன்று சோப்பு, பற்பசைக்கெல்லாம் 18 சதவீதம் ஜிஎஸ்டி. ஒரே சோப்பை அவர் வாங்கினாலும் நான் வாங்கினாலும் ஒரே வரிதான். அந்த பட்ஜெட்டில் அரசு விட்டுக்கொடுத்த நேர்முக வரி சுமார் 1 லட்சம் கோடி. மறைமுக வரி 2,600 கோடி.

நடுத்தர மக்கள் கையில் பணம் புரண்டால் செலவு செய்வார்கள், வியாபாரம் பெருகும் என்றது அரசு. டெல்லி சட்டசபைத் தேர்தலுக்கு நாலு நாள் முன்பு வந்த சலுகை என்றார்கள் எதிர்த்தவர்கள். ஏழைக்கும் பயன்பட ஜிஎஸ்டியைக் குறையுங்கள் என்றார்கள். நான் வாங்கிய வஞ்சிரம் அரசு கட்சி. அக்கா கேட்ட கேள்வி எதிர்க்கட்சி! இரண்டிலும் நியாயம் இருக்கிறது.

செப்டம்பர் 22-இல் சோப்பு, பற்பசை வரி 5 சதவீதமானது. அக்காவின் முறை வர ஏழரை மாதம் பிடித்தது.

இன்னொன்று. மத்திய வரியில் மாநிலங்களுக்கு நிதிக்குழு தரும் பங்கு, சட்டசபை இருந்தும் யூனியன் பிரதேசமான நம் புதுச்சேரிக்குக் கிடையாது. மத்திய மானியத்தை எதிர்பார்த்து நிற்கிறோம். வரி குறைந்தால் கைதட்டும் நாம், எந்தச் செலவு குறையப் போகிறது என்றும் கேட்க வேண்டும்.

நாம் குறைந்த கட்டணத்தில் படித்தோமே, அந்தச் செலவில் அந்த அக்கா கட்டிய சோப்பு வரியும் சேர்ந்ததுதான். எனக்கு மிச்சமானதில் 10,000 ரூபாயைச் சங்கத்தின் கல்வி உதவி நிதிக்குக் கொடுத்திருக்கிறேன். பெருமைக்குச் சொல்லவில்லை. உங்களுக்கும் மிச்சமாகியிருக்கும் என்று தெரிந்துதான் சொல்கிறேன்!