ஹெர்த்தா தீலே: மறுத்து நின்ற முகம்



மார்லீன் டீட்ரிச்சின் புகழொளியில் மங்கிப்போன பெயர்களுள் ஒன்று ஹெர்த்தா தீலே. 1908-ஆம் ஆண்டு லைப்சிக் நகரில் பிறந்தவர். ஜெர்மானியத் திரையில் அவர் நாயகியாக ஒளிர்ந்த காலம் 1930-களின் தொடக்கத்தில் சில ஆண்டுகள் மட்டுமே. அந்தக் குறுகிய வாழ்வை விதியின் கொடுமை என்று இரங்கிப் பேசுவோர் உண்டு. அவ்விரக்கம் அவருக்குப் பொருந்தாது.

கிறிஸ்டா வின்ஸ்லோவின் நாடகம் லைப்சிக்கில் அரங்கேறியபோது மானுவேலா என்னும் மாணவியாக நடித்தவர் தீலே. அதுவே 1931-இல் ‘சீருடைப் பெண்கள்’ என்ற பொருள்படும் பெயரில் திரைப்படமாயிற்று. இயக்கியவர் லியோன்டீன் சாகான் என்னும் பெண்மணி. படம் முழுவதும் ஓர் ஆண்கூடத் திரையில் தோன்றுவதில்லை. பதினான்கு வயது மாணவியாக வந்த தீலேவுக்கு அப்போது வயது 23. அவள் நெஞ்சைக் கவர்ந்த ஆசிரியையாக வந்த டொரோத்தேயா வீக்கும் அதே 1908-இல் பிறந்தவரே! பார்ப்பவருக்கு இது தோன்றுவதேயில்லை. விடுதி நாடகம் முடிந்த களிப்பில், மதுவின் மயக்கத்தில், ஆசிரியைமீது தான் கொண்ட அன்பை மானுவேலா எல்லோர் முன்னும் உரக்கச் சொல்லிவிடுகிறாள். தண்டனையாகத் தனிமை. மேடை நாடகத்தில் அவள் குதித்து மாள்கிறாள். திரையிலோ, தோழியர் அவள் பெயரைக் கூவிக்கொண்டே மாடிப்படிகளில் ஓடிவந்து அவளை மீட்கின்றனர். கடுமையே உருவான தலைமையாசிரியை, தோற்றவளாய் இருண்ட நடைவழியில் மெல்ல நடந்து மறைகிறாள். முடிவை மாற்றியதால் படைப்பின் அறமே மாறிவிட்டது: ஒருத்தியின் துயரம், பலரின் எதிர்ப்பாயிற்று.

அடுத்த ஆண்டு வெளிவந்தது ‘கூலே வாம்பே’. பெர்லினை அடுத்த ஏரிக்கரையில் வீடிழந்தோர் கூடாரமிட்டு வாழ்ந்த இடத்தின் பெயர் அது. எழுத்தில் பெர்டோல்ட் பிரெக்டின் பங்கு, இசை ஹான்ஸ் ஐஸ்லர், இயக்கம் ஸ்லாத்தான் டூடோவ். வேலை தேடி அலைந்து வெறுங்கையோடு திரும்பும் இளைஞன் தன் கைக்கடிகாரத்தைக் கழற்றிப் பத்திரமாக வைத்துவிட்டுச் சன்னலிலிருந்து குதிக்கிறான். அவனுடைய தங்கை அன்னி, தீலே. அழுது புலம்பாத தங்கை! கருவுற்ற நிலையில், மனமில்லாத காதலனுடனான நிச்சயத்தைத் தானே முறித்துக்கொண்டு வெளியேறுகிறாள். தீலேவின் நடிப்பில் மிகச் சிறந்தது இதுவே எனலாம். 1932 மார்ச்சில் தணிக்கையாளர் படத்தைத் தடைசெய்தனர். எதிர்ப்புக்குப் பின் வெட்டுகளோடு அனுமதித்தனர். அந்த இளைஞன் தனி மனிதனாக இல்லை, ஒரு வகைமாதிரியாகவே இருக்கிறான் என்பது தணிக்கையாளர் ஒருவரின் குறை. நண்பர்களான விமர்சகரைவிட இவர் படத்தை நன்றாகப் புரிந்துகொண்டார் என்று பிரெக்ட் பின்னர் எள்ளலோடு எழுதினார். கவிஞர்கள் இதைச் சிந்திக்க வேண்டும். பகைவனே கூர்ந்த வாசகனாக வாய்ப்பதும் உண்டு.

1933-இல் நாஜிகள் ஆட்சிக்கு வந்ததும் ‘கூலே வாம்பே’ மீண்டும் தடைக்குள்ளானது. அவ்வாண்டே ஹான்ஸ் ஃபல்லாடாவின் புகழ்பெற்ற நாவல் படமானபோது, வேலையற்ற எளியவனின் மனைவியாகத் தீலே நடித்தார். புதிய ஆட்சிக்கு இத்தகைய முகம் தேவைப்பட்டது. இளமை, எளிமை, மக்களின் அன்பு எல்லாம் அதில் இருந்தன. அவர்களது பிரசாரப் பணிக்கு ஒத்துழைக்க அவர் மறுத்தார். 1936-இல் தொழிலுக்குரிய அரசு அமைப்பிலிருந்து விலக்கப்பட்டார். அது இன்றி ஒரு நடிகைக்கு அங்கே பிழைப்பு இல்லை. மறு ஆண்டு சுவிட்சர்லாந்து சென்றார். அப்போது வயது 29.

அங்கும் உடனே மேடை கிடைக்கவில்லை. போருக்குப் பின் கிழக்கு பெர்லினுக்கு வந்து முயன்று, கைகூடாமல் மீண்டும் சுவிட்சர்லாந்து சென்று, மனநோயாளர்க்குப் பணிவிடை செய்யும் உதவியாளராக வேலை பார்த்தார். 1960-களில் கிழக்கு ஜெர்மனிக்குத் திரும்பி மேடையிலும் தொலைக்காட்சியிலும் நடித்தார். மானுவேலாவை மறுபடி கண்டெடுத்த பெண்ணியத் திரை ஆய்வாளர்கள், எழுபது கடந்த அவரைத் தேடிச் சென்று உரையாடிப் பதிவு செய்தனர். 1984-இல் கிழக்கு பெர்லினில் அவர் காலமானார்.